1922-லயே மொபைல் போனா? ஃபார்வர்டு பண்றதுக்கு முன்னாடி இதைப் படிங்க!

'உலகின் முதல் மொபைல் போன்... 1922-லயே இருந்துச்சு!' - இப்படி ஒரு கறுப்பு வெள்ளை வீடியோ உங்க வாட்ஸ்அப்புக்கும் வந்திருக்கலாம். ரெண்டு பெண்கள் ஒரு பெட்டியோட தெருவுல நடந்து வர்றாங்க. தெருவோரத் தீயணைப்புக் குழாயில வயரை மாட்டுறாங்க, குடையை விரிக்கிறாங்க... சத்தம் கேட்குது!

வீடியோ ஒரிஜினல்தான். ஆனா அது மொபைல் இல்லை, அந்தக் காலத்து ரேடியோ. குழாய்தான் எர்த், குடைதான் ஏரியல்.

யார் எடுத்தது?

'பிரிட்டிஷ் பாத்தே' நிறுவனம். டி.வி இல்லாத காலத்துல, தியேட்டர்ல மெயின் படத்தோட சேர்த்து சில நிமிடச் செய்திப் படங்கள் ஓடும். பிரிட்டனில் 1910-ல் பாத்தே இதைத் தொடங்கியது. செய்திகளோடு விநோதங்களையும் தேடித்தேடிப் படம்பிடித்தார்கள். 2014-ல் சுமார் 85,000 படங்களை யூடியூபில் ஏற்றிவிட்டார்கள்.

மிஸ் பண்ணக்கூடாதவை

* டைனாஸ்பியர் (1932): ஒரே ஒரு ராட்சத சக்கரம். அதுக்குள்ளேயே டிரைவர் சீட், இன்ஜின். கடற்கரை மணல்ல ஜோரா ஓடுது. ஆனா திருப்புறதும் பிரேக் பிடிக்கிறதும் கஷ்டம். அதனால் விற்பனைக்கு வரவே இல்லை.

* 2000-ம் ஆண்டு ஃபேஷன்: 1930-களில் டிசைனர்கள் செய்த கற்பனை. பெண்ணின் தலையில் எலெக்ட்ரிக் லைட். ஆணின் உடையிலேயே டெலிபோன், ரேடியோ! டிரெஸ் காமெடி, ஆனா போன் விஷயத்துல ஜெயிச்சுட்டாங்க.

சிரிக்க முடியாத ஒன்று

1912 பிப்ரவரி 4, பாரிஸ். ஃபிரான்ஸ் ரைஷெல்ட் என்ற தையல்காரர், தானே தைத்த பாராசூட் உடையுடன் ஈஃபில் டவரின் முதல் தளத்தில் நிற்கிறார். உயரம் சுமார் 57 மீட்டர். பொம்மையை வீசிச் சோதிக்கத்தான் போலீஸ் அனுமதி தந்திருந்தது. ஆனா அவரே குதிச்சுட்டார். பாராசூட் விரியவில்லை. குதிக்கும் முன் அவர் தயங்கி நின்ற நொடிகள், விழுந்த பின் தரையில் பதிந்த பள்ளத்தை அளந்தது... எல்லாமே படத்தில் இருக்கு.

இந்த வீடியோவும் மீம் ஆகச் சுத்துது. அதில் இருப்பவர் நிஜ மனிதர். அது அவரோட கடைசி நிமிடம்.

எப்படிப் பார்ப்பது?

படத்தின் அசல் தலைப்பையும் வருடத்தையும் தேடுங்க. அந்த வருடம் ஊமைப்படக் காலம்னா, கேட்குற சத்தம் பின்னாடி சேர்த்தது. கண்ணுக்குத் தெரியுறது என்ன, கேப்ஷன் சொல்றது என்னன்னு பிரிச்சுப் பாருங்க. அப்புறம் ஃபார்வர்டு பண்ணலாம்!