லண்டன் அழைக்கிறது: ஓர் இசைத்தட்டின் கதை



வானொலிக்காரருக்கு ஒரு பழக்கம் உண்டு. எதையும் சொல்லத் தொடங்குமுன் தாம் எங்கிருந்து பேசுகிறோம் என்பதை முதலிற் சொல்லிவிடுவார்கள். இரண்டாம் உலகப் போர்க் காலத்திலே, ஹிட்லரின் படைகள் பிடித்து வைத்திருந்த நாடுகளில், கதவைச் சாத்திக்கொண்டு வானொலிப் பெட்டியருகே காத்திருந்த மக்களுக்கு, 'லண்டன் அழைக்கிறது' என்ற பி.பி.சி.யின் அழைப்பொலி பெரும் ஆறுதலாக இருந்தது.

அந்த நகரத்துக் குரலுக்காக எங்கள் ஊர்களும் காத்திருந்தன. 1990 இற்குப் பின் யாழ்ப்பாணத்தில் மின்சாரம் இல்லாதிருந்த ஆண்டுகளில், துவிச்சக்கரவண்டியைக் கவிழ்த்து நிறுத்தி, மிதியைக் கையாற் சுற்றி, டைனமோவில் வரும் மின்னில் லண்டன் தமிழோசையைக் கேட்ட வீடுகளுள் எங்களுடையதும் ஒன்று. சுற்றும் வேலை சிறுவனான எனக்கு. என் கை ஓய்ந்தால் லண்டனும் ஓய்ந்துவிடும்.

பல ஆண்டுகளின் பின், அந்த அழைப்பொலியையே பெயராகக் கொண்ட ஆங்கில இசைத்தட்டு ஒன்று உண்டென்று அறிந்தபோது என் காது தானாகவே அந்தப் பக்கம் திரும்பியது. 'லண்டன் கோலிங்' என்பது அதன் பெயர். 'த கிளாஷ்' என்ற நால்வர் குழு 1979 டிசெம்பர் 14 இல் அதனைப் பிரித்தானியாவில் வெளியிட்டது. போர்க்காலத்தில் நம்பிக்கை சொன்ன அழைப்பொலியை இந்த நால்வரும் ஓர் எச்சரிக்கையாக மாற்றினார்கள். அது எவ்வாறு நிகழ்ந்தது என்பதே இன்றைய பேச்சின் பொருள்.

'பங்க்' என்ற ஆங்கிலச் சொல்லுக்கு உதவாக்கரை என்று பொருள் கொள்ளலாம். 1976 அளவில் பிரித்தானியாவில் வேலையற்றோர் தொகை பத்து இலட்சத்தைக் கடந்திருந்தது. படிப்பை முடித்தும் போக்கிடமற்று நின்ற இளைஞர் பலர், தமக்கு இடப்பட்ட வசையையே பட்டமாகச் சூடிக்கொண்டனர். மூன்று சுரக்கட்டுகள் தெரிந்தாற் போதும், மேடையேறலாம் என்பது அவர்கள் கொள்கை. அதுவே பங்க் றொக் இசையாயிற்று. 'த கிளாஷ்' அந்த ஆண்டிலேதான் தோன்றியது. ஜோ ஸ்ட்ரம்மர், மிக் ஜோன்ஸ், போல் சிமோனன் ஆகியோரோடு, மத்தளக்காரராக ரொப்பர் ஹெடன் பின்னர் வந்து சேர்ந்தார். இவர்களுள் ஸ்ட்ரம்மர் இராஜதந்திர சேவையாளர் ஒருவரின் மகன். துருக்கியின் அங்காரா நகரிற் பிறந்தவர். ஏழைகளுக்காகப் பாட இவருக்கு என்ன தகுதி என்று கேட்டவர்களும் இருந்தார்கள்.

அதைவிடக் கூர்மையான கேள்வி ஒன்றும் எழுந்தது. 1977 ஜனவரியில் இக்குழு சி.பி.எஸ். என்ற பெரும் இசைத்தட்டுக் கம்பனியுடன் ஓர் இலட்சம் பவுணுக்கு ஒப்பந்தம் செய்துகொண்டது. முதலாளித்துவத்தைச் சாடும் பாட்டை முதலாளியே அச்சிட்டு விற்பதா என்று கேட்டார்கள். பங்க் இசை அன்றே செத்துவிட்டது என்றுகூடச் சொன்னார்கள். எதிர்ப்புக் கலையை விடாது பின்தொடரும் கேள்வி இது. 'லண்டன் கோலிங்' உருவான விதத்தை இக்கேள்விக்கு அவர்கள் அளித்த பதிலாகவே நான் காண்கிறேன்.

1979 ஆம் ஆண்டின் தொடக்கத்தில் பிரித்தானியா வேலைநிறுத்தங்களால் ஸ்தம்பித்திருந்தது. மார்ச் 28 இல் அமெரிக்காவின் மூன்று மைல் தீவு அணுமின் நிலையத்தில் விபத்து நேர்ந்தது. மே மாதத்தில் மார்கரெட் தட்சர் பிரதமரானார். 1953 இல் வடகடல் பெருகி இங்கிலாந்தில் முந்நூறுக்கு மேற்பட்டோர் மாண்டதை மறவாத லண்டன், வெள்ளத்தைத் தடுக்கத் தேம்ஸ் நதியின் குறுக்கே தடுப்பணை கட்டிக்கொண்டிருந்தது. அணுவுக்கும் வெள்ளத்துக்கும் அஞ்சிய அந்த மனநிலைதான் தலைப்புப் பாடலின் கரு.

அப்போது குழுவின் நிலையும் நன்றாக இல்லை. முகாமையாளரைப் பிரிந்துவிட்டார்கள், பழைய ஒத்திகை இடமும் இல்லாது போயிற்று. பிம்லிக்கோ பகுதியில், வாகனம் திருத்தும் இடமொன்றின் பின்புறத்தில் அமைந்த 'வனிலா' என்ற ஒத்திகைக் கூடத்தில் ஒதுங்கினார்கள். அந்தக் கோடை முழுவதும் ஒத்திகை நடந்தது. இடையிடையே வெளியே சென்று காற்பந்து விளையாடுவார்கள். வெளியார் வருகை குறைவு. பாடல்கள் அங்கேதான் முளைத்தன.

ஒலிப்பதிவு ஆகஸ்ட் மாதத்தில், ஹைபரியில் முன்னொரு காலத்தில் தேவாலய மண்டபமாக இருந்த 'வெசெக்ஸ்' கூடத்தில் ஆரம்பமாயிற்று. தயாரிப்பாளராக அவர்கள் விரும்பியவர் கை ஸ்டீவன்ஸ். 1960 களில் அமெரிக்கக் கறுப்பின இசையைப் பிரித்தானிய இளைஞருக்கு அறிமுகப்படுத்தியவர்களுள் அவர் முக்கியமானவர். ஆனால் மதுவுக்கு அடிமையாகித் தொழிலில் ஒதுக்கப்பட்டிருந்தார். கம்பனி தயங்கியது, குழு விடவில்லை. வாசித்துக்கொண்டிருப்பவர்களின் நடுவே கதிரைகளை வீசுவார், ஏணியைச் சுழற்றுவார், ஒருமுறை பியானோவிலே மதுவை ஊற்றினார். உணர்ச்சி பிறந்தாற் போதும், சிறு பிசகுகள் இருந்துவிட்டுப் போகட்டும் என்பது அவர் வழி. 1959 இல் வின்ஸ் ரெய்லர் பாடிய பழைய பாடலொன்றை அவர்கள் வாசித்த முதல் வாசிப்பையே போதுமென்று எடுத்துக்கொண்டார். நிதானமாக ஒலியைச் சீர்செய்த பொறியியலாளர் பில் பிறைஸும், வாத்திய அமைப்பைக் கவனித்த மிக் ஜோன்ஸும் மறுபுறத்தில் நின்றார்கள். கை ஸ்டீவன்ஸ் 1981 இல் காலமானார். அவருடைய வாழ்க்கையில் கடைசியாகக் கிடைத்த பெருமை இந்த இசைத்தட்டே.

மூன்று சுரக்கட்டுப் பங்க் இசையை இதில் தேடுவோர் வியப்படைவர். ஜமேக்காவின் றெகே, ஸ்கா, அமெரிக்காவின் ஜாஸ், பழைய றொக்-அன்ட்-றோல் எல்லாம் இங்கே கலந்துள்ளன. 'ஸ்பானிஷ் பொம்ப்ஸ்' என்ற பாடல் ஸ்பானிய உள்நாட்டுப் போரையும், 1936 இற் சுட்டுக் கொல்லப்பட்ட கவிஞர் லோர்காவையும் நினைவுகூர்கிறது. 'த கன்ஸ் ஒஃப் பிறிக்ஸ்ரன்', பொலிசார் கதவைத் தட்டும்போது என்ன செய்வாய் என்ற கேள்வியை எழுப்புகிறது. சிமோனன் தாம் வளர்ந்த பகுதியைப் பற்றி இயற்றிய இப்பாடல் வெளிவந்து பதினாறு மாதங்களில், 1981 ஏப்ரலில், பிறிக்ஸ்ரன் கலவரத்தாற் கொழுந்துவிட்டெரிந்தது. 'லொஸ்ற் இன் த சுப்பர்மார்கட்', கடைப் பொருள்களிடையே தன்னைத் தொலைத்துவிட்ட ஒருவனின் தனிமை. கோபத்தைக் கத்திச் சொல்வது எளிது. பிறர் இசையை அடக்கத்தோடு கற்று, அதனூடாகக் கோபத்தைச் சொல்வது அரிது. குடியேறிவந்த கறுப்பின மக்களுக்கு எதிராக இனவாதிகள் லண்டன் வீதிகளில் ஊர்வலம் சென்ற காலத்தில், அம்மக்களின் தாளத்திலே வெள்ளை இளைஞர் பாடியது வெறும் ரசனை விடயம் அன்று.

அடுத்து விலை. பாடல்கள் பெருகி இரு தட்டுகளுக்குரிய அளவாயின. இரட்டைத் தட்டென்றால் இரட்டை விலை. வேலையற்ற இளைஞன் அதை எப்படி வாங்குவான்? ஒரு தட்டின் விலைக்கே இரண்டையும் கொடுக்கவேண்டும் என்றனர், கம்பனி இணங்கவில்லை. அப்படியானால் இலவச இணைப்பாக ஒரு பன்னிரண்டு அங்குலச் சிறு வெளியீட்டையாவது சேருங்கள் என்றார்கள். அதற்குக் கம்பனி தலையசைத்தது. அந்த 'இலவச இணைப்பு' மெல்ல வளர்ந்து முழு இரண்டாம் தட்டாகிவிட்டது! ஏறத்தாழ ஐந்து பவுணுக்குப் பத்தொன்பது பாடல்கள். கடைசிப் பாடலான 'ட்ரெயின் இன் வெய்ன்' முதலில் ஒரு வார இதழோடு இலவசமாகக் கொடுக்கவென எண்ணப்பட்டது. அந்த ஏற்பாடு குலையவே தட்டிற் சேர்த்தார்கள். அதற்குள் உறை அச்சாகிவிட்டதால், உறையிலே அதன் பெயரே இல்லை.

அந்த உறையும் சரித்திரமாயிற்று. 1979 செப்டெம்பரில் நியூயோர்க் 'பலேடியம்' அரங்கில், சிமோனன் தமது பேஸ் கிற்றாரை ஓங்கி மேடையில் அடித்து நொறுக்கும் கணத்தைப் பென்னி ஸ்மித் படம் பிடித்தார். படம் தெளிவில்லை, வேண்டாம் என்றார் அவரே. ஸ்ட்ரம்மர் கேட்கவில்லை. உறையை வடிவமைத்த ஓவியர் றே லவ்றி, எல்விஸ் பிறெஸ்லியின் 1956 ஆம் ஆண்டு முதல் இசைத்தட்டிலுள்ள இளஞ்சிவப்பு, பச்சை எழுத்துகளைப் போலவே இதற்கும் எழுத்தமைத்தார். வாத்தியத்தை உடைக்கும் படத்துக்கு முன்னோரை வணங்கும் எழுத்து! தட்டின் உள்ளே இருப்பதும் அதுவேயல்லவா?

இசைத்தட்டு பிரித்தானிய விற்பனை வரிசையில் ஒன்பதாம் இடம் வரை ஏறியது. அமெரிக்காவில் 1980 ஜனவரியில் வெளியானதால், 'றோலிங் ஸ்டோன்' சஞ்சிகை 1989 இல் அதனை எண்பதுகளின் மிகச் சிறந்த இசைத்தட்டாகத் தேர்ந்தது. 1980 டிசெம்பரில் இதே குழு, நிக்கரகுவாவின் புரட்சியாளரைப் பெயராற் போற்றி, 'சண்டினிஸ்டா!' என்ற மூன்று தட்டுத் தொகுதியை வெளியிட்டது. அதனைக் குறைந்த விலைக்கு விற்பதற்காக, பிரித்தானியாவில் முதல் இரண்டு இலட்சம் பிரதிகளுக்குரிய தமது பங்குத் தொகையை விட்டுக்கொடுத்தார்கள்.

கம்பனி வென்றதா, பாடகர் வென்றனரா? நேர்மையாகச் சொன்னால், கம்பனி நட்டப்படவில்லை. ஸ்ட்ரம்மர் 2002 டிசெம்பரில் ஐம்பதாம் வயதில் காலமானார். 2010 இல் பிரித்தானிய அஞ்சல் சேவை அந்த உறையை முத்திரையாக்கியது. 2019 இல் லண்டன் அருங்காட்சியகம், உடைந்த அந்தக் கிற்றாரை மக்கள் பார்வைக்கு வைத்தது. எதிர்த்தவரை அணைத்து அலமாரியில் வைப்பது அதிகாரத்தின் பழைய வித்தை.

ஆயினும் ஒன்று மிஞ்சுகிறது. எங்கள் இலக்கிய உலகில் உருவமா, உள்ளடக்கமா என்று நெடுங்காலம் வாதிட்டோம். அந்த வாதத்தில் நாம் அதிகம் பேசாத மூன்றாவது பொருள் விலை. ஏழைக்காக எழுதிய நூலை ஏழையால் வாங்க முடிகிறதா? பாடலில் என்ன சொன்னார்கள் என்பதை மறந்துவிட்டவர்களும், ஒரு தட்டின் காசுக்கு இரண்டு தட்டு வாங்கிக்கொண்டு வீடு சென்ற அந்த மாலையை மறந்திருக்க மாட்டார்கள். அவர்களுடைய அரசியல் அந்தக் கடை மேசையிலேயே தொடங்கிவிட்டது.

தமிழோசையின் வானொலி ஒலிபரப்பு 2017 ஏப்ரலோடு நின்றுபோயிற்று. டைனமோச் சில்லைச் சுற்றிய கைக்கு இப்போது அந்த வேலை இல்லை. என்றாலும் 'லண்டன் கோலிங்' கேட்கும்போதெல்லாம் என் தோள் மெல்ல நோகிறது. ஒரு குரல் எட்ட வேண்டியவரிடம் எட்டுவதற்கு எங்கோ யாரோ ஒருவர் கையை ஓயவிடாமல் சுற்றவேண்டியிருக்கிறது. அந்த நால்வரும் அதைத்தான் செய்தார்கள்.