சுவரின் இருபுறமும் ஒரு தாய்

‘தீவார்’ என்பது பாரசீகத்திலிருந்து உருதுவுக்கும் ஹிந்திக்கும் வந்த சொல். சுவர் என்பது அதன் பொருள். சலீம்–ஜாவேத் எழுத, யஷ் சோப்ரா இயக்கி 1975-இல் வெளிவந்த திரைப்படத்திற்கு இதுவே பெயராயிற்று. கடத்தல்காரனான அண்ணன் விஜய்க்கும் காவல் அதிகாரியான தம்பி ரவிக்கும் இடையே எழுந்த சுவர் அது. இக்கதையே 1981-இல் ‘தீ’ எனத் தமிழில் வந்தது.

இதற்கு முன்னோர் மரபு உண்டு. 1957-இல் மெஹபூப் கான் எடுத்த ‘மதர் இந்தியா’வில் ஊர்ப்பெண்ணின் மானங்காக்கத் தாயே மகனைச் சுடுகிறாள். 1961-இல் வந்த ‘கங்கா ஜமுனா’வில் கொள்ளையனாகிவிட்ட அண்ணன், காவலனான தம்பியின் குண்டுக்கு இரையாகிறான். அண்ணனாக நடித்தவர் திலீப் குமார்; தம்பியாக நடித்த நாசிர் கான் அவருடைய உடன்பிறந்த தம்பியே ஆவார். அதே திலீப் குமார் 1982-இல் ‘சக்தி’யில் காவல் அதிகாரியாகி, பெற்ற மகனையே சுட்டு வீழ்த்துகிறார்.

இவற்றுள் ‘தீவார்’ நம்மைக் கூடுதலாகச் சிந்திக்க வைப்பது ஏன்? ரவி கற்ற கல்வி, விஜய் தன் படிப்பைத் துறந்து உழைத்ததால் கிடைத்தது. தந்தை திருடன் என்று சிறுவயதில் கையில் பச்சை குத்தப்பட்டவனும் விஜயே. அவனுக்கு எதிரான வழக்கை ஏற்க ரவி தயங்குவது இயல்பன்றோ!

அத்தயக்கத்தைத் தீர்ப்பவர் ஓர் ஏழை ஆசிரியர். ரொட்டி திருடி ஓடிய சிறுவனை ரவி சுட்டுவிடுகிறான். பின்னர் உணவோடு அவன் வீட்டுக்குச் செல்கிறான். சிறிதாயினும் பெரிதாயினும் திருட்டு திருட்டே என்கிறார் சிறுவனின் தந்தை. கற்பித்தலைத் தொழிலாகக் கொண்ட நமக்கு நெஞ்சை விட்டகலாத காட்சி இது. தன் மகனின் காயத்தையே சான்றாக வைத்து அவர் நீதி உரைக்கிறார்.

துறைமுகக் கூலியாக இருந்த நாள்முதல் விஜய் காத்துவந்த வில்லையின் எண் 786. அப்ஜத் கணக்கில் பிஸ்மில்லாஹ்வின் எழுத்துகளுக்குரிய தொகை அது. இறுதியில் அந்த வில்லை கைநழுவுகிறது, உயிரும் நழுவுகிறது.

தாய் என்ன செய்தாள்? துப்பாக்கியைத் தன் கையாலேயே இளையவனிடம் கொடுத்தாள். பிறகு கோயிலுக்குச் சென்று மூத்தவனுக்காகக் காத்திருந்தாள். அவன் அவள் மடியில்தான் இறந்தான். ரவிக்குக் கிடைத்த விருதை மேடையேறிப் பெறுபவளும் அவளே.

கடமையைச் செய்தவர் அதற்குரிய துயரத்தையும் சுமந்தாக வேண்டும். துயரமின்றிச் செய்யப்படும் தண்டனை வெறும் கொடுமையாகிவிடும் என்பதே அத்தாய் நமக்குக் கற்பிக்கும் பாடம்.