எக்ஸாம்ப் உள்ளகச் சேவையகத் தொகுப்பு

எக்ஸாம்ப் என்பது, ஓர் இணையத்தளத்தைப் பொதுவெளியில் ஏற்றுமுன் சொந்தக் கணினியிலேயே உருவாக்கிச் சோதிப்பதற்கு வேண்டிய அப்பாச்சி வலைச் சேவையகம், மரியாடிபி தரவுத்தளம், பிஎச்பி, பேர்ல் நிரல்மொழிகள் ஆகியவற்றை ஒரே நிறுவியில் திரட்டித் தரும் கட்டற்ற மென்பொருள் தொகுப்பாகும். ஜெர்மனியில் 2002இல் தொடங்கிய அப்பாச்சி பிரண்ட்ஸ் திட்டம் இதை வெளியிடுகிறது. தொடக்கத்தில் இதில் இருந்த மைஎஸ்கியூஎல்லுக்குப் பதிலாக, அதிலிருந்து கிளைத்த மரியாடிபி 2015இல் சேர்க்கப்பட்டது. ஆயினும் கட்டுப்பாட்டுப் பலகத்தில் பழைய பெயரே நீடிக்கிறது.

விண்டோஸில் இதைப் புரோகிராம் ஃபைல்ஸ் கோப்புறையில் நிறுவினால் கோப்புகளை எழுதும் உரிமை மறுக்கப்படக்கூடும் என்பதால், சி இயக்ககத்தில் தனிக் கோப்புறையில் நிறுவுவதே முறை. தளத்தின் கோப்புகளை எச்டிடாக்ஸ் என்னும் உட்கோப்புறையில் இட்டு, உலாவியில் லோக்கல்ஹோஸ்ட் என்னும் முகவரியில் காணலாம்.

அப்பாச்சி இயங்க மறுப்பதற்குப் பெரும்பாலும் போர்ட் மோதலே காரணம். போர்ட் என்பது, கணினிக்கு வரும் தகவலை எந்த நிரலிடம் சேர்ப்பது எனக் குறிக்கும் எண். அப்பாச்சி 80, 443 ஆகிய எண்களைக் கோருகிறது. விண்டோஸின் ஐஐஎஸ் சேவையோ ஸ்கைப்பின் பழைய பதிப்போ அவற்றை முன்பே பிடித்திருக்கலாம். நெட்ஸ்டாட் கட்டளையால் அந்த நிரலைக் கண்டறிந்து நிறுத்தலாம். அல்லது அப்பாச்சியின் அமைவுக் கோப்பில் 80 என்பதை 8080 என மாற்றி, முகவரியின் இறுதியிலும் அவ்வெண்ணைச் சேர்க்கலாம்.

தரவுத்தளம் எதிர்பாராமல் நின்றுவிடுவது இதனினும் கடுமையான கோளாறு. மின்தடையாலோ முறையாக நிறுத்தாமல் கணினியை அணைப்பதாலோ கோப்புகள் பழுதுபடுவதால் இது நேர்கிறது. அப்போது ஐபிடேட்டா1 என்னும் கோப்பை அழிக்கச் சொல்லிப் பரவலாகத் தரப்படும் அறிவுரை மிகத் தவறானது. இன்னோடிபி என்னும் சேமிப்புப் பொறி தன் அட்டவணைகளைப் பற்றிய குறிப்புகளை அதில்தான் வைத்திருப்பதால், அது அழிந்தால் அட்டவணைக் கோப்புகள் வட்டில் இருந்தும் அவற்றைத் திறக்க இயலாது. முதலில் தரவுத்தளக் கோப்புகள் உள்ள டேட்டா கோப்புறை முழுவதையும் வேறிடத்தில் படியெடுத்துவிட்டு, பிழைப் பதிவுக் கோப்பின் கடைசி வரிகளைப் படித்த பின்னரே எதையும் மாற்ற வேண்டும்.

மைஎஸ்கியூஎல் கனெக்ட் போன்ற பழைய செயற்கூறுகள் 2015 டிசம்பரில் வெளிவந்த பிஎச்பி 7இல் நீக்கப்பட்டதால், அவற்றை நம்பி எழுதிய தளங்களுக்கு பிஎச்பி 5.6 கொண்ட பழைய எக்ஸாம்ப் பதிப்பே தேவைப்படுகிறது. எனினும் 2018இன் முடிவோடு பிஎச்பி 5.6க்கான பாதுகாப்புத் திருத்தங்கள் நின்றுவிட்டன. தரவுத்தளத்தின் முழு அதிகாரமும் கொண்ட ரூட் பயனருக்கு இயல்பாகக் கடவுச்சொல்லும் இல்லை. ஆகவே இத்தொகுப்பைப் பொது இணையத்துக்குத் திறந்துவிடலாகாது.