லாலி, தாமஸ் ஆர்தர் (1702–1766)

கர்நாடகப் போரில் பிரெஞ்சுப் படைக்குத் தலைமை தாங்கிய தளபதி. தந்தை அயர்லாந்துக்காரர். 1745இல் ஃபோன்டனாய் போரில் பெயர் பெற்றவர். 1758 ஏப்ரலில் புதுச்சேரி வந்திறங்கி, ஜூன் தொடக்கத்திலேயே கடலூர் டேவிட் கோட்டையைப் பிடித்தார்.

துணிச்சல்காரர், ஆனால் இந்த மண்ணின் மக்களை மதிக்கத் தெரியாதவர். தஞ்சைப் படையெடுப்பின்போது கீழ்வேளூர்க் கோயிலைச் சூறையாடினார். அங்கிருந்த அந்தணர் சிலரை ஒற்றர்கள் என்று சொல்லிப் பீரங்கி வாயில் வைத்துச் சுட்டுக் கொன்றார். அவரது வரலாற்றில் எந்தத் தீர்ப்பாலும் துடைக்க முடியாத கறை இதுதான்.

ஏரியை அரணாகக் கொண்ட செங்கல்பட்டுக் கோட்டையைக் கைப்பற்றாமலே சென்னையை முற்றுகையிட்டது அவர் செய்த பெரும் பிழை. செங்கல்பட்டிலிருந்த ஆங்கிலப் படையும் ஆங்கிலேயர் பக்கம் நின்ற யூசுப் கானின் சிப்பாய்களும் பின்னாலிருந்து ஓயாமல் தொல்லை கொடுத்தனர். 1759 பிப்ரவரியில் முற்றுகையைக் கைவிட்டார். அவ்வாண்டு டிசம்பரில் மதுராந்தகத்தை அடுத்த கருங்குழிக் கோட்டை ஆங்கிலத் தளபதி அயர் கூட் வசமானது.

1760 ஜனவரி 22, வந்தவாசிப் போர். ஆங்கிலேயரின் குண்டு ஒன்று, குளக்கரையில் பிரெஞ்சுக்காரர் நிறுத்தியிருந்த வெடிமருந்து வண்டியில் பட்டு வெடித்தது. அந்தப் பக்க அணி சிதறியது, பிரெஞ்சுத் தளபதி புஸ்ஸி சிறைப்பட்டார். மறு ஆண்டு ஜனவரியில் புதுச்சேரியும் வீழ்ந்தது.

சிறைக்கைதியாக இங்கிலாந்து சென்ற லாலி, தம்மேல் எழுந்த குற்றச்சாட்டுகளுக்குப் பதில் சொல்லத் தாமே பாரிஸ் திரும்பினார். நாட்டுக்குத் துரோகம் செய்தார் என்று தீர்ப்பாயிற்று. 1766 மே 9 அன்று, பேசவிடாமல் வாயை அடைத்துக் கொலைமேடைக்குக் கொண்டுபோய்த் தலையை வெட்டினார்கள். தோல்விக்கு ஒருவரைப் பலியிட்ட தீர்ப்பு அது. எழுத்தாளர் வால்டேரும் லாலியின் மகனும் விடாமல் வாதாடியதில், 1778இல் அரசவை அத்தீர்ப்பை நீக்கியது.