கந்தசாமி: ஒரு மறுமதிப்பீடு

கந்தசாமி (2009), சுசி கணேசன் இயக்கத்தில் விக்ரம் நடித்த தமிழ்த் திரைப்படம். திருப்போரூர் முருகன் கோயில் மரத்தில் ஏழைகள் கட்டும் வேண்டுதல் சீட்டுகளைச் சேவல் வேடமிட்ட நாயகன் நிறைவேற்றுகிறான். பதுக்கிய கறுப்புப் பணமே அதற்கு உதவுகிறது.

வெளியானபோது படத்தின் நீளமும் ஆடம்பரமுமே பெரிதும் பேசப்பட்டன. 2012இல் வந்த மிஷ்கினின் முகமூடியே முதல் தமிழ் சூப்பர் ஹீரோ படம் என விளம்பரப்படுத்தப்பட்டது. ஆனால் கந்தசாமியின் சேவல் முருகனின் கொடியிலிருந்து வந்தது. திருத்தணியில் ஆடிக் கிருத்திகைக்குக் காவடி எடுப்பவருக்கு அது அயல் உருவம் அன்று.

படத்தின் வலுவான கேள்வியும் இங்கேயே உள்ளது. மக்கள் கடவுளுக்கு எழுதும் சீட்டைப் படிப்பவன் ஒரு சி.பி.ஐ. அதிகாரி. அரசுப் பதவியில் இருப்பவனும் ஏழைக்கு உதவ முகத்தை மறைக்க வேண்டியிருக்கிறது.