மூன்று நிமிடத் தொலைவு: மூச்சுக்குழல் துளையுள்ள குழந்தைகளும் அவசரகாலத் தயார்நிலையும்

தொண்டையில் ட்ரக்கியாஸ்டமி குழாய் பொருத்தப்பட்ட குழந்தை அழுதால் பெரும்பாலும் சத்தம் வராது. வாய் திறக்கும், முகம் சிவக்கும், கண்ணீர் வழியும். குரல்நாண்களைக் கடக்க வேண்டிய காற்று அதற்குக் கீழேயே குழாய் வழியாக வெளியேறிவிடுவதால் ஒலி எழாது. நள்ளிரவில் குழாய் சளியால் அடைத்துக்கொண்டால், பக்கத்தில் படுத்திருக்கும் தாயை எழுப்ப அந்தக் குழந்தையால் முடியாது. இத்தகைய குழந்தைகளுக்கான அவசரகாலத் தயார்நிலை என்றதும் ஆம்புலன்ஸ், ஆக்சிஜன் சிலிண்டர், தீவிர சிகிச்சைப் படுக்கை என்றே நாம் கணக்குப் போடுகிறோம். இக்கட்டுரையின் வாதம் வேறு. குழாய் அடைத்த முதல் மூன்று நான்கு நிமிடங்களுக்குள், கை எட்டும் தூரத்தில், குழாயை மாற்றத் தெரிந்த ஒருவர் இருக்கிறாரா என்பதே சரியான அளவுகோல். அப்படி ஒருவரை உருவாக்குவதும், அவர் களைத்து விழாமல் பார்ப்பதும், அவர் எந்த வீட்டில் இருக்கிறார் என்று தெரிந்துவைத்திருப்பதும் அரசின் வேலை.

முதலில் உடலியல். கைக்குழந்தைக்குப் பொருத்தும் குழாயின் உள்விட்டம் 3 அல்லது 3.5 மி.மீ.தான். மூக்கு தரும் ஈரமும் வெப்பமும் இல்லாமல் காற்று நேராக உள்ளே போவதால் சளி காய்ந்து குழாயின் சுவரில் ஒட்டும். 3.5 மி.மீ. குழாயில் சுற்றிலும் அரை மில்லிமீட்டர் கனத்துக்கு அது படிந்தால் விட்டம் 2.5 ஆகிவிடும். பார்வைக்குச் சிறிய மாற்றம். ஆனால் சீரான ஓட்டத்தில் தடை ஆரத்தின் நான்காம் அடுக்குக்கு எதிர்விகிதத்தில் ஏறும் என்ற புவாசேயின் விதிப்படி கணக்கிட்டால், குழந்தை ஏறத்தாழ நான்கு மடங்கு தடையை எதிர்த்து மூச்சிழுக்க வேண்டியிருக்கும். பெரியவர்களுக்கான குழாய்கள் பலவற்றில் கழற்றிக் கழுவக்கூடிய உட்குழாய் ஒன்று உண்டு. அடைத்தால் அதை உருவினால் பெரும்பாலும் வேலை முடிந்தது. குழந்தைகளின் சிறு குழாய்களில் பொதுவாக அதற்கு இடமில்லை. முழுக் குழாயையும் மாற்றியாக வேண்டும். போதாக்குறைக்கு, எடைக்கு எடை பார்த்தால் கைக்குழந்தை பெரியவரைவிட ஏறக்குறைய இரு மடங்கு ஆக்சிஜனைச் செலவிடுகிறது. நுரையீரலில் அதன் இருப்போ குறைவு.

தமிழ்நாட்டில் 2008 முதல் இயங்கும் 108 ஆம்புலன்ஸ் சேவையின் பயனை யாரும் மறுக்க முடியாது. ஆனால் எந்த நாட்டிலும் ஆம்புலன்ஸ் மூன்று நிமிடத்தில் மாடிப்படி ஏறி வந்துவிடும் என்று நம்பித் திட்டமிட முடியாது. வந்த பிறகும் ஒரு சிக்கல் இருக்கிறது. முதலுதவிப் பயிற்சியெல்லாம் மூக்கையும் வாயையும் நோக்கியே அமைந்திருக்கிறது. பதற்றத்தில் ஆக்சிஜன் மாஸ்க் முகத்தில் ஏறும். கழுத்தைத் துணி மூடியிருக்கும். சில குழந்தைகளுக்கு மூக்கு, வாய் வழியான மேல்பாதை ஓரளவு திறந்திருக்கும். வேறு சிலருக்கு அது முழுக்க அடைபட்டது. அவர்கள் முகத்தில் வைக்கும் ஆக்சிஜன் நுரையீரலைச் சென்றடையாது. எந்தக் குழந்தை எந்த வகை என்பது வருகிறவருக்கு எப்படித் தெரியும்? பிரிட்டனின் தேசிய ட்ரக்கியாஸ்டமி பாதுகாப்புத் திட்டம் இதற்குக் கண்ட வழி எளிமையானது: குழாயின் அளவு, துளையிட்ட நாள், மேல்பாதை பயன்படுமா என்பதைச் சொல்லும் ஒரு பலகை படுக்கையின் தலைமாட்டில் இருக்கும். அதனோடு இணைந்த அவசர வழிகாட்டுதல் 2012இலும், குழந்தைகளுக்கானது 2018இலும் வெளியாயின. அதே பலகையைத் தமிழில் ஓர் அட்டையாக அச்சிட்டுத் தொட்டில் கம்பியில் கட்டிவிடுவதற்குப் பெரிய செலவு ஆகாது.

அந்த மூன்று நிமிடத்தில் செய்ய வேண்டியது என்ன? குழந்தையின் அருகிலேயே ஒரு பை இருக்க வேண்டும். அதில் அதே அளவுக் குழாய் ஒன்று, அதற்கு அடுத்த சிறிய அளவு ஒன்று, கழுத்து நாடா, கத்தரிக்கோல், சளி உறிஞ்சும் சக்ஷன் குழல்கள், செலைன், வழவழப்புக் களிம்பு, கையால் அழுத்திக் காற்றுத் தரும் அம்பு பேக் ஆகியவை இருக்கும். சக்ஷன் குழலை விட்டுப் பார்க்க வேண்டும். அது உள்ளே இறங்காவிட்டால் குழாய் அடைத்துவிட்டது என்று பொருள். தோளுக்கடியில் துண்டைச் சுருட்டி வைத்து, நாடாவை வெட்டி, பழைய குழாயை உருவிவிட்டுப் புதியதைச் செலுத்த வேண்டும். நுழையாவிட்டால் சிறியது. அதுவும் நுழையாவிட்டால் சக்ஷன் குழலைத் துளைக்குள் வழிகாட்டியாக விட்டு, அதன்மேல் குழாயைச் சறுக்கவிட வேண்டும். எதுவும் பலிக்காதபோது, மேல்பாதை திறந்திருந்தால் துளையை மூடிக்கொண்டு வாய் வழியாகவும், இல்லையென்றால் துளை வழியாகவும் காற்றுத் தர வேண்டும். துளை முற்றாத முதல் வாரத்துக்கு மட்டும் இந்த வரிசை பொருந்தாது. அப்போது குழந்தை மருத்துவமனையில்தான் இருக்கும், இருக்க வேண்டும். இந்த வரிசையில் கடினமான படி கைவேலை அல்ல, முடிவெடுப்பதுதான். அடைத்த குழாயைக் கழற்றப் பயந்து மீண்டும் மீண்டும் சக்ஷன் போட்டுக்கொண்டிருப்பதில் நேரம் போய்விடும். பொம்மையில் பலமுறை செய்து பார்த்தவருக்கே அந்தத் தயக்கம் விலகும்.

இங்கே ஓர் எதிர்வாதம் நியாயமானது. துளையிடப்பட்ட குழந்தைகளில் இறப்பவர்கள் பெரும்பாலும் அடிப்படை நோயால் இறக்கிறார்கள். குழாய்க் கோளாறால் நேரும் மரணம் சில விழுக்காட்டைத் தாண்டுவதில்லை என்றே ஆய்வுகள் காட்டுகின்றன. பிறகு ஏன் இத்தனை முனைப்பு? அந்தச் சில விழுக்காடுதான் முற்றிலும் தவிர்க்கக்கூடியது என்பதால். இதயக் குறைபாட்டையோ தசைச் சிதைவையோ ஒரு பையும் பயிற்சியும் மாற்றாது. காய்ந்த சளியை மாற்றும்.

மின்சாரம் நின்றாலும் இதே கணக்குத்தான். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் மழையில் வேளச்சேரி, பள்ளிக்கரணை போன்ற பகுதிகள் நாள்கணக்கில் இருளிலும் நீரிலும் கிடந்தன. மின்கசிவுக்கு அஞ்சி இணைப்பை நிறுத்துவது சரியான முடிவே. ஆனால் அந்த வீடுகளில் ஒன்றில் சக்ஷன் மிஷின் ஓட வேண்டியிருந்தால்? பேட்டரி சில மணி நேரம் தாங்கும், இன்வெர்ட்டர் இன்னும் சற்றுக் கூடுதலாக. காலால் மிதிக்கும் சக்ஷன் பம்ப்புக்கு மின்சாரமே வேண்டாம். அம்பு பேக்குக்கும் அப்படியே. கையால் காற்றுத் தந்து உயிர்காப்பது புதிதும் அல்ல. 1952 ஆகஸ்டில் கோபன்ஹேகனின் பிளெக்டாம் மருத்துவமனையில், போலியோவால் மூச்சுத் திணறிய 12 வயதுச் சிறுமிக்கு மயக்கவியல் மருத்துவர் பியோர்ன் இப்சன் தொண்டையில் துளையிடச் செய்து, குழாய் வழியாக ரப்பர் பையை அழுத்திக் காற்றுத் தந்தார். அடுத்துவந்த மாதங்களில் ஏறத்தாழ 1,500 மருத்துவ மாணவர்கள் முறைவைத்து இரவும் பகலும் பையை அழுத்தி நோயாளிகளைக் காத்தார்கள். நவீனத் தீவிர சிகிச்சையின் தொடக்கம் என்று மருத்துவ வரலாறு குறிப்பது இதைத்தான். அங்கே சுவாசக் கருவியின் இடத்தில் இருந்தவை மாணவர்களின் கைகள்.

நம் வீடுகளில் அந்தக் கை யாருடையது என்று கேட்டால் விடை நம் எல்லோருக்கும் தெரியும். தாய். மருத்துவமனைப் பதிவில் அவர் வெறும் அட்டெண்டர். டிஸ்சார்ஜ் நாளன்று அவசர அவசரமாகச் சக்ஷன் போடக் காட்டிக்கொடுத்து அனுப்பினால், அன்றிரவு முதல் அவரே செவிலியர், அவரே கண்காணிப்புக் கருவி. அமெரிக்க மார்பு மருத்துவக் கழகம் 2016இல் வெளியிட்ட வழிகாட்டுதல், வீட்டில் சுவாசக் கருவியுடன் வாழும் குழந்தைக்குக் குடும்பத்தில் குறைந்தது இருவர் பயிற்சி பெற்றிருக்க வேண்டும், பயிற்சி பெற்ற ஒருவர் எந்நேரமும் விழித்திருக்க வேண்டும் என்கிறது. இரவு முழுதும் விழிக்கும் ஒருவர் பகலில் தூங்கியாக வேண்டுமே! வீட்டுச் செவிலியர் கிடைக்கும் நாட்டில் எழுதிய விதி அது. ஆகவே பயிற்சியை மட்டும் கொடுத்துவிட்டு ஒதுங்கும் அரசு, தன் பொறுப்பை ஒரு பெண்ணின் தூக்கத்தின் மேல் ஏற்றிவிடுகிறது என்றே சொல்ல வேண்டும். பாட்டி, சித்தப்பா, எதிர்வீட்டு அக்கா என இரண்டாவது ஆள் ஒருவர் குழாய் மாற்றிக் காட்டும்வரை டிஸ்சார்ஜ் கூடாது. 2021 ஆகஸ்டில் தொடங்கிய ‘மக்களைத் தேடி மருத்துவம்’ திட்டத்தில் வீட்டுக்கே சென்று வலிநிவாரண சிகிச்சையும் இயன்முறை சிகிச்சையும் தருகிறார்கள். அவர்களுக்குக் குழாய்ப் பராமரிப்பையும் கற்றுத்தந்தால், தாய் சில மணி நேரமாவது நிம்மதியாகக் கண்ணயரலாம்.

கடைசியாகச் சட்டம். 2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 8ஆம் பிரிவு, மாவட்டப் பேரிடர் மேலாண்மை ஆணையம் மாற்றுத்திறனாளிகளின் விவரப் பதிவேட்டைப் பராமரித்து, ஆபத்து வரும்போது அவர்களுக்குத் தெரிவிக்க வேண்டும் என்கிறது. நல்ல ஏற்பாடு. ஆனால் அச்சட்டத்தின் அட்டவணையில் உள்ள 21 வகைகளில் குழாயோடு வாழும் குழந்தை எங்கே வருகிறது? மூளை முடக்குவாதமோ தசைச் சிதைவோ இருந்தால் அந்தப் பெயரில் வரும். குறைமாதத்தில் பிறந்து, நீண்ட நாள் சுவாசக் கருவியில் இருந்ததால் குரல்வளைக்குக் கீழ் சுருக்கம் கண்ட குழந்தைக்கு இடமில்லை. பேச்சுக் குறைபாட்டு வகை நிரந்தரக் குறைபாட்டைத்தான் பேசுகிறது. இந்தக் குழந்தையின் குழாயோ ஓரிரு ஆண்டில் கழற்றப்படலாம். சட்டத்தின் 2ஆம் பிரிவு தரும் பொது விளக்கம் விரிவானது, நீண்டகாலக் குறைபாடு எதையும் அதில் அடக்கலாம் என்று வாதிட இடமுண்டு. அதிகாரி கையில் எளிதாகக் கிடைக்கும் பட்டியல் அடையாள அட்டை பெற்றவர்களின் பட்டியல்தான் என்பதையும் மறக்கக் கூடாது. அதில் இடம்பெற்ற குழந்தைக்கும் நோயின் பெயர் இருக்கும். சக்ஷன் வேண்டும் என்ற குறிப்பு இராது.

ஜப்பான் இதை வேறு விதமாக அணுகியது. 2021 செப்டம்பரில் நடைமுறைக்கு வந்த அதன் சட்டம், சளி உறிஞ்சுதலும் சுவாசக் கருவியும் அன்றாடம் தேவைப்படும் குழந்தைகளை, நோயின் பெயரைக் கேட்காமல், தனி வகையாக வரையறுத்து, பள்ளியில் செவிலியர் உள்ளிட்ட ஆதரவுக்கு வழிசெய்கிறது. 2018 செப்டம்பர் நிலநடுக்கத்தில் ஹொக்கைடோ தீவு முழுக்க மின்சாரம் இழந்த அனுபவம் அந்நாட்டுக்கு உண்டு. உள்ளாட்சிகள் உதவி தேவைப்படுவோருக்குத் தனித்தனி வெளியேற்றத் திட்டம் தயாரிக்க முயல வேண்டும் என்றும் அதே 2021இல் பேரிடர்ச் சட்டத்தில் சேர்த்தது.

நமக்குச் சட்டத்திருத்தம்கூடத் தேவையில்லை. துளையிடும் மருத்துவமனை ஒவ்வொன்றும், பெற்றோர் இசைவுடன், டிஸ்சார்ஜ் அன்றே குழந்தையின் முகவரியையும் குழாய் அளவையும் மாவட்ட ஆணையத்துக்கு அனுப்ப வேண்டும். பதிவேட்டில் ‘மின்சாரம் தேவைப்படும் சுவாசப் பராமரிப்பு’ என்றொரு பத்தி திறக்கப்பட வேண்டும். குழாய் கழன்றதும் பெயரை நீக்கிவிடலாம். இதற்கு ஓர் அரசாணை போதும். வடகிழக்குப் பருவமழை அக்டோபரில் தொடங்குகிறது. பட்டியல் செப்டம்பருக்குள் மின்வாரியப் பொறியாளரின் கையிலும் 108 கட்டுப்பாட்டு அறையிலும் இருக்க வேண்டும்.