எண்ணும் கண்ணும்

வாஷிங்டன் நகரத்தின் கறுப்பின மக்கள் வாழ்ந்த வீதியொன்றில், 1940-களின் இறுதியில், ஐந்து பிராயத்துச் சிறுவன் ஒருவன் இரண்டு குச்சிகளை ஆணியால் இணைத்துக் குதிரையாக்கி, அதன்மேல் ஏறி ஓடுகையில் இடறி விழ, அந்த ஆணி அவனுடைய இடக்கண்ணில் பாய்ந்தது. தந்தை ஹாஸ்கர் கொத்தனார். செங்கல் அடுக்கிக் குடும்பம் நடத்தியவர். சஸ்திர சிகிச்சைக்குக் கொடுக்க அந்த வீட்டில் பணம் இல்லை. புண் தானாக ஆறிற்று. பார்வை மாத்திரம் முழுதாகத் திரும்பவில்லை. பின்னர் ஒருநாள் கட்டடத்தின் மேல்தளத்திலிருந்து விழுந்த செங்கல் தந்தையின் தலையில் பட்டு, மூளையில் இரத்தம் உறைந்து, அவரும் மரணத்தின் வாயில்வரை சென்று மீண்டார். அந்தச் சிறுவனாகிய டேவ் பிங் என்ற கூடைப்பந்து வீரரின் சரித்திரத்தை அவர் கூடையில் போட்ட பந்துகளைக் கொண்டு தொடங்குவதே வழக்கம். அந்த ஆணியிலிருந்தும் செங்கல்லிலிருந்தும் தொடங்குவதே முறை என்பது என் அபிப்பிராயம்.

எண்ணைக் கண் என்று சொல்லிப் பழகிய மரபு நம்முடையது. அந்த மரபில் வளர்ந்தவனுக்கு, ஒரு கண்ணில் பழுதுபட்ட மனிதர் எண்களாலேயே கீர்த்தி பெற்று, எண்களாலேயே ஜீவனம் நடத்தி, கடைசியில் ஒரு மகாநகரத்தின் கணக்குப் புத்தகத்தை எதிர்கொள்ள முடியாமல் நின்ற விருத்தாந்தத்தில் தனியானதோர் ஈர்ப்பு உண்டாவது இயல்பே. கூடைப்பந்து விளையாட்டின் ஜாதகம் முழுவதும் எண்களால் எழுதப்பட்டது. பத்தடி உயரத்து வளையத்துள் பந்து விழுந்தால் 2 புள்ளி. எதிராளி இழைத்த பிழைக்காகக் கிடைக்கும் தனி எறிதலானால் 1. தூரத்திலிருந்து எறிவதற்கு 3 புள்ளி என்னும் விதி அமெரிக்கத் தொழில்முறைச் சங்கமான என்.பி.ஏ.வில் நுழைந்தது 1979-இல்; பிங் அதற்கு முந்திய ஆண்டே ஓய்வு பெற்றுவிட்டார். ஆகவே 901 ஆட்டங்களில் அவர் சேர்த்த 18,327 புள்ளிகளும் ஒன்றும் இரண்டுமாகக் கூட்டியவை. சிறுவாடு சேர்ப்பதுபோல் என்று சொல்லலாம்.

அவர் பயின்ற ஸ்பிங்கார்ன் உயர்நிலைப் பள்ளி, அவருக்குச் சில ஆண்டுகள் முன்னதாக எல்ஜின் பேய்லர் என்ற மகா வீரரை உலகுக்கு அளித்த பள்ளி. அங்கிருந்து 1962-இல் நியூயார்க் மாநிலத்தின் சிரக்கியூஸ் பல்கலைக்கழகத்துக்குச் சென்றார். அந்தப் பனி பெய்யும் ஊரை அவர் தேர்ந்ததில் எர்னி டேவிஸுக்குப் பங்குண்டு. கல்லூரி அளவிலான அமெரிக்கக் கால்பந்தின் மிகப் பெரிய விருதான ஹைஸ்மேன் கோப்பையைப் பெற்ற முதல் கறுப்பினத்தவர் டேவிஸ். பிங் சேர்ந்த அடுத்த ஆண்டே இரத்தப் புற்றுநோயால் 23 வயதில் மாண்டுபோன துர்ப்பாக்கியசாலி. விடுதி அறையில் பிங்குக்குத் துணையாக வாய்த்தவர், அணியில் இடம் கேட்டுத் தாமாகவே வந்து சேர்ந்த ஜிம் பேஹைம் என்னும் மாணவர். அதே பல்கலைக்கழகத்துக்கு 1976 முதல் 2023 வரையில் பயிற்சியாளராக இருந்து புகழ் பெற்றவர் அவரே. இறுதி ஆண்டில் ஆட்டத்துக்கு 28.4 புள்ளி என்ற சராசரியோடு பிங் வெளியே வந்தார்.

தொழில்முறை அணிகள் புதிய ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுக்கும் 1966-ஆம் ஆண்டுச் சபையில், முதல் தேர்வு எவருக்கு என்பதை நியூயார்க்குக்கும் டெட்ராய்டுக்கும் இடையே ஒரு நாணயம் முடிவு செய்தது. டெட்ராய்டு விரும்பியது தன் சொந்த மாநிலமான மிச்சிகனின் செல்லப்பிள்ளை கேசி ரஸ்ஸலை. நாணயம் நியூயார்க்கின் பக்கம் விழ, ரஸ்ஸல் அங்கே போனார். டெட்ராய்டுக்கு இரண்டாவதாகக் கிடைத்தவர் பிங். இரண்டாந்தரமாக வந்தவர் என்ற மனக்குறையோடு அந்நகரம் அவரை வரவேற்றது. முதற்பருவத்திலேயே சராசரி 20 புள்ளி எடுத்து, அவ்வாண்டின் சிறந்த புதுவரவு என்ற விருதும் பெற்றபின் அந்தக் குறை பேசுவாரற்றுப் போயிற்று.

டெட்ராய்டின் அணிக்கு ‘பிஸ்டன்ஸ்’ என்று பெயர். கார் செய்யும் நகரத்துக்கென்றே சூட்டிய பெயர் என்று எவரும் எண்ணுவர், உண்மை வேறு. இந்தியானா மாநிலத்து ஃபோர்ட் வெய்ன் என்னும் ஊரில் பிஸ்டன் வார்த்து விற்ற ஃபிரெட் ஸோல்னர் என்ற ஆலை முதலாளி தம் தொழிலின் பெயரால் நடத்திய அணி அது. 1957-இல் அவர் அதை டெட்ராய்டுக்குக் கொண்டுவந்தார். பொருத்தம் தற்செயலாக அமைந்தாலும் அமைந்ததே. 1950-இல் 18 லட்சத்து 49 ஆயிரம் ஜனங்கள் வாழ்ந்த அந்நகரத்தில், பிஸ்டன் இன்னதென்று அறியாத குழந்தையே இருந்திராது.

பிங் வந்து ஓராண்டு கழிந்து, 1967 ஜூலை 23-ஆம் தேதி ஞாயிற்றுக்கிழமை விடியுமுன், பன்னிரண்டாம் வீதியில் உரிமமின்றி நடந்த ஒரு மதுக்கடைக்குள் போலீசார் புகுந்தனர். அங்கே மூண்ட பூசல் நகரமெங்கும் பரவி, ராணுவம் வீதியில் இறங்கி, தீயும் துப்பாக்கியும் ஓய்வதற்குள் 43 உயிர்கள் போயின. அதை அடுத்துத் தொடங்கிய பருவத்தில் பிங் 79 ஆட்டங்களில் 2,142 புள்ளிகள் எடுத்து, நாடு முழுவதிலும் முதலிடம் பெற்றார். விளையாட்டு நகரத்தின் புண்ணை ஆற்றிற்று என்று எழுதிவிடும் சபலம் பத்திரிகை உலகத்துக்கு எக்காலத்தும் உண்டு. எரிந்த வீதிகள் எரிந்தபடியே கிடந்தன என்பதையும், வெள்ளையர் குடும்பங்கள் புறநகர்களுக்குப் பெயர்ந்த வேகம் அதன்பின் அதிகரித்ததே ஒழியக் குறையவில்லை என்பதையும் நோக்கும்போது, அந்தச் சபலத்துக்கு இடங்கொடுக்க எனக்கு மனம் வரவில்லை.

அவ்வாண்டின் முதலிடத்தைப் பற்றி ஒரு விவரம் சொல்ல வேண்டும். சராசரியைப் பார்த்தால் முதல்வர் பிங் அல்லர்; ஆஸ்கர் ராபர்ட்சன் என்ற ஆட்டக்காரர் ஆட்டத்துக்கு 29.2 எடுத்திருந்தார், பிங் 27.1. ஆனால் ராபர்ட்சன் ஆடியது 65 ஆட்டங்களே. மொத்தப் புள்ளிகளைக் கொண்டே பட்டம் அளிப்பது அக்காலத்து வழக்கம். சராசரிக்கு மதிப்பு மாறியது சில ஆண்டுகள் கழித்து. திறமையை அளக்கச் சராசரியே நேர்மையான கோல் என்பதில் ஐயமில்லை. எனினும், நாள்தோறும் வேலைக்கு வந்து சேர்ந்தவனுக்குக் கூலி உண்டு என்று சொல்லும் பழைய கணக்கில் ஒரு தொழிலாளர் நியாயம் இருந்தது. உயரமான மைய ஆட்டக்காரர்களும் முன்னணியினரும் ஆண்டுகொண்டிருந்த அந்த வரிசையில், பந்தைத் தட்டிக்கொண்டு வந்து ஆட்டத்தை நடத்தும் ‘கார்டு’ ஒருவர், 6 அடி 3 அங்குல உயரத்தோடு, 20 ஆண்டுகளுக்குப் பிறகு முதலிடத்தில் நின்றார். மொத்தக் கணக்கில் அவருக்கு அடுத்து நின்றவர் 2,002 புள்ளி எடுத்த எல்ஜின் பேய்லர். வாஷிங்டனின் ஏழைப் பள்ளி ஒன்றின் பிள்ளைகள் இருவர் ஒரே ஆண்டில் முதலும் இரண்டுமாக நின்றது, பள்ளிக்கூடச் சரித்திரங்களில் நேர்ந்த அபூர்வங்களில் ஒன்றன்றோ?

1971-இல், பருவம் தொடங்குமுன் நடந்த பயிற்சிப் பந்தயத்தில், லாஸ் ஏஞ்சலீஸ் அணியின் ஹாப்பி ஹேர்ஸ்டன் என்பவரின் விரல் தவறுதலாகப் பிங்கின் வலக்கண்ணில் பட்டு, விழித்திரை பகுதியளவு பிரிந்துவிட்டது. இடக்கண் குழந்தைப் பருவத்திலேயே மங்கியது, நம்பியிருந்தது வலக்கண்ணை. சஸ்திர சிகிச்சைக்குப் பின், ஆட்டத்தை விட்டுவிடுவதே உசிதம் என்றனர் மருத்துவர்கள். அவர் விடவில்லை. அந்தப் பருவத்தில் எஞ்சிய 45 ஆட்டங்களில் அவருடைய சராசரி 22.6. கண் மங்கிய மனிதர் எப்படிக் குறி பார்த்தார் என்று கேட்பவர்களுக்கு, அவர் ஐந்து வயது முதல் அப்படித்தான் பார்த்துவந்தார் என்பதே பதில்.

இனி அவருடைய கோடை விடுமுறைகளைப் பற்றி. அக்காலத்து ஆட்டக்காரருக்கு இன்று போல் கோடிகளில் சம்பளம் கிடையாது. பருவம் முடிந்தால் பலர் சிறு வேலைகளைத் தேடிக்கொண்டனர், வேறு சிலர் ஓய்ந்திருந்தனர். வீடு வாங்கக் கடன் கேட்டுப் போன இடத்தில் மறுக்கப்பட்ட பிங், நகரத்தின் பெரிய வங்கியான நேஷனல் பாங்க் ஆஃப் டெட்ராய்டில், காசாளர் பயிற்சியிலிருந்து தொடங்கிக் கோடைதோறும் உத்தியோகம் பார்த்தார். கூடத்தில் 20,000 கண்கள் கண்ட மனிதர், ஜன்னலுக்குப் பின்னால் நின்று பிறர் பணத்தை எண்ணிக்கொடுத்தார். கடன் ஏன் கிடைக்கிறது, ஏன் கிடைப்பதில்லை என்பதை மேஜையின் மறுபுறத்திலிருந்து கற்றுக்கொள்வதே அவருடைய நோக்கம். தேகத்தை வைத்துப் பிழைப்பவனுக்கு இரண்டு ஆயுள் உண்டு. முதலாவது 35 வயதில் முடிந்துவிடும். அதை அந்த முதலாயுளின் நடுவிலேயே உணர்ந்து பயின்றவர் மிகச் சிலர்.

1975-இல் அவரை வாஷிங்டன் அணிக்கு மாற்றினர். பிறந்த ஊரில் இரண்டு பருவங்கள் ஆடி, 1976-இல் நட்சத்திரங்களின் பந்தயத்தில் சிறந்த ஆட்டக்காரர் என்ற பரிசும் வென்று, பாஸ்டனில் ஒரு பருவம் கழித்து 1978-இல் விடைபெற்றார். ஒருமுறையேனும் இறுதிச் சுற்றில் ஆடும் பாக்கியம் கிட்டவில்லை. அதே 1978-இல் பிஸ்டன்ஸ் அணியும் டெட்ராய்டை விட்டுப் புறநகரான பான்டியாக்குக்குக் குடிபெயர்ந்தது. ஆலைகள் போயின, குடும்பங்கள் போயின, இப்போது விளையாட்டும் போயிற்று. பிங் எதிர்த்திசையில் வந்தார். பாராகன் ஸ்டீல் என்னும் நிறுவனத்தில் இரண்டாண்டு தொழில் பழகி, 1980-இல் நான்கு ஊழியர்களோடு டெட்ராய்டு நகரத்துள்ளேயே ‘பிங் ஸ்டீல்’ என்ற ஸ்தாபனத்தைத் தொடங்கினார். உருக்காலைகளிலிருந்து வரும் தகட்டை வேண்டிய அளவுக்கு வெட்டிக் கார் ஆலைகளுக்கு விற்பது வேலை. நேரமோ மகா துர்நேரம்: கிரைஸ்லர் நிறுவனம் அரசாங்கத்தின் உத்தரவாதத்தால் மூச்சுவிட்ட காலம், வட்டி விகிதம் 20 சதவீதத்தைத் தொட்ட ஆண்டு. ஆறே மாதத்தில் போட்ட முதல் கரைந்தது. பிறகு ஜெனரல் மோட்டார்ஸ் வாடிக்கை கிடைக்க, நிமிர்ந்தார். 1984-இல் ஜனாதிபதி ரீகன், சிறுபான்மையினரில் ஆண்டின் சிறந்த சிறுதொழிலதிபர் என்ற விருதை வெள்ளை மாளிகையில் அவருக்கு அளித்தார். ஆட்டக்காரர்களுக்குப் பெயரை வாடகைக்கு விட்டு உணவகம் நடத்துவது சுலபம். உருக்கு வெட்டுவது சுலபமன்று. தகட்டை வாங்கும் ஆலை, விலையையும் அளவையும் பார்க்குமே தவிர, 1968-ஆம் ஆண்டுப் பட்டத்தைப் பார்க்காது.

இந்த இடத்தில் கதை நின்றிருந்தால் சுபமாக முடிந்திருக்கும். 2008-இல், நகரத்தின் மேயர் குவாமி கில்பாட்ரிக் நீதிக்கு இடையூறு செய்த குற்றத்தை ஒப்புக்கொண்டு பதவி துறக்க, வெற்றிடத்தை நிரப்ப நடந்த தேர்தலில் 65 வயதான பிங் நின்றார். நிற்பதற்காகவே புறநகர் வீட்டை விட்டு நகரத்துள் குடிவந்தார். 2009 மே 5-ஆம் தேதி வென்றார். அதற்கு ஐந்து நாள் முன்புதான் கிரைஸ்லர் திவாலாகியிருந்தது. அடுத்த மாதமே ஜெனரல் மோட்டார்ஸும் திவால் மனுக் கொடுத்தது. அவருடைய கையில் கிடைத்த நகரத்தின் ஜனத்தொகை, 2010-ஆம் ஆண்டுக் கணக்கின்படி, 7 லட்சத்து 13 ஆயிரம். 18 லட்சம் பேருக்கென்று அமைத்த வீதிகளும் குழாய்களும் விளக்குகளும் அப்படியே நீண்டு கிடக்க, வரி கொடுப்பவர் பாதிக்கும் குறைவாகினர்.

காலி வீடுகளில் 10,000-ஐத் தம் பதவிக்காலத்துள் இடிப்பதென்றும், ஆளற்ற பேட்டைகளில் எஞ்சியவர்களை ஜனம் நிறைந்த பகுதிகளுக்கு வரச்செய்து நகரத்தை அதன் உண்மையான அளவுக்குச் சுருக்குவதென்றும் அவர் திட்டமிட்டார். கணக்கு சரியே. ஆனால் அண்டை வீடுகள் எல்லாம் சாம்பலானபின்னும் தன் வீட்டு வாசலைப் பெருக்கிக் குடியிருக்கும் கிழவியிடம், உன் தெருவுக்கு இனி விளக்கு இல்லை என்று சொல்வது கணக்கன்று. தொழிற்சங்கங்களோடும் நகர்மன்றத்தோடும் ஓயாத வழக்கு. 2012-இல் தேகமும் நலிந்து மருத்துவமனையில் கிடந்தார். வியாபாரியின் கூர்மை அவரிடம் இருந்தது. அரசியல்வாதியின் வாய்ஜாலம் இல்லை. அதை அவருடைய குறை என்று எழுதினவர் பலர். நான் அதை அவ்வளவு பெரிய குறையாகக் கொள்ளேன். அறுபது ஆண்டுகளாகச் சேர்ந்த கடனை நான்கே ஆண்டில் தீர்க்கும் வாய்ஜாலம் எவரிடம் இருந்தது?

2013 மார்ச்சில் மாநில ஆளுநர் ரிக் ஸ்னைடர், கெவின் ஓர் என்ற வழக்கறிஞரை அவசர நிர்வாகியாக நியமித்து, மேயரின் அதிகாரத்தைப் பெரும்பாலும் அவர் கைக்கு மாற்றினார். ஜூலை 18-இல், 1,800 கோடி டாலருக்குக் குறையாத கடன் சுமையோடு டெட்ராய்டு திவால் மனுக் கொடுத்தது. அமெரிக்க நகரங்களின் திவால்களில் அதுவரை அவ்வளவு பெரியது எதுவும் இல்லை. வீதி விளக்குகளில் நூற்றுக்கு 40 எரியவில்லை. மறுதேர்தலில் நிற்பதில்லை என்று மே மாதமே அறிவித்துவிட்ட பிங், ஆண்டின் முடிவில் வெளியேறினார். அப்போது அவருக்கு 70 வயது.

வெளியேறியவர் ஊரை விட்டு வெளியேறவில்லை. தம் பெயரால் இளைஞர் நிலையம் ஒன்று ஏற்படுத்தி, டெட்ராய்டின் கறுப்பினப் பிள்ளைகளுக்கு வழிகாட்டியாக வளர்ந்த ஆடவர்களைத் தேடிப் பிடித்துச் சேர்க்கும் வேலையில் இறங்கினார். லட்சங்களின் கணக்கெல்லாம் முடிந்துபோய், ஒரு பையனுக்கு ஒரு பெரியவர் என்று விரல்விட்டு எண்ணும் கணக்கு அது.

39 ஆண்டுகள் புறநகரில் ஆடிய பிஸ்டன்ஸ் அணி 2017-இல் நகரத்தின் மத்திக்குத் திரும்பிற்று. 1983-இல் இனி எவரும் அணியலாகாது என்று அணி ஒதுக்கிவைத்த அவருடைய 21-ஆம் எண்ணும் அதனுடன் ஊருக்குள் வந்து சேர்ந்தது.